கேமரா பிடித்தவர்கள்

1901-ல் புடாபெஸ்ட் நாடக மேடையின் பெரிய நட்சத்திரங்கள் உரானியா அரங்கின் மொட்டைமாடிக்குப் படியேறினார்கள். லூய்சா பிளாகா, ஷாரி ஃபெடாக் என்று ஊரே கொண்டாடிய பெயர்கள். மேடையில் ஆட வேண்டியவர்கள் மாடியில் ஆடியதற்குக் காரணம் வெயில். அன்றைய ஃபிலிம் மிகவும் மந்தம். அரங்கின் விளக்கு வெளிச்சத்தில் பிடித்தால் ஒன்றும் தேறாது. எதிரே கேமராவோடு நின்றவர் பேலா ஷிட்கோவ்ஸ்கி. உரானியாவில் படம் காட்டும் வேலை பார்த்தவர், லென்ஸ் நுணுக்கம் அறிந்தவர்.

உரானியா அறிவியல் சொற்பொழிவுகளுக்கென்று நடந்த அரங்கம். பேச்சுக்கு நடுவே கண்ணாடி ஸ்லைடுகளைத் திரையில் காட்டுவது வழக்கம். ஜூலா பெகார் என்ற எழுத்தாளர் நடனத்தின் வரலாற்றைப் பற்றி உரையாற்ற முன்வந்தபோது, நடனத்தை அசையாத படத்தில் காட்டி என்ன பயன் என்ற கேள்வி எழுந்தது. அப்படித்தான் இருபதுக்கு மேற்பட்ட சிறு துண்டுப் படங்கள் உருவாயின. ஏப்ரல் 30 அன்று அவை திரையில் ஓடின. ஹங்கேரியர்கள் இயக்கிப் பதிவு செய்த முதல் படம் என்று ‘நடனம்’ என்ற அந்தத் தொகுப்பையே சொல்கிறார்கள். இன்றும் ஏப்ரல் 30 அங்கே ஹங்கேரியத் திரைப்பட நாள். உரானியா கட்டடம் அதே இடத்தில் இருக்கிறது, தேசியத் திரையரங்காக இயங்குகிறது. ஷிட்கோவ்ஸ்கி பிடித்த படத்தில் ஓர் அடி ஃபிலிம்கூட மிஞ்சவில்லை.

இந்த ஒரு சம்பவத்திலேயே அந்த நாட்டு மௌனப்பட ஒளிப்பதிவாளரின் தொழில்வாழ்க்கை முழுவதும் அடங்கியிருப்பதாக எனக்குப் படுகிறது. எல்லாவற்றையும் தன் கையாலேயே செய்தவர். செய்ததில் பெரும்பகுதி கண்ணுக்குக் கிடைக்காமல் போனவர். ஆனாலும் அவருடைய தொழில் அந்த நகரத்தை விட்டுப் போகவில்லை.

அந்தக் காலக் கேமராவுக்கு மோட்டார் கிடையாது. பக்கவாட்டில் ஒரு கைப்பிடி. ஒரு சுற்றுக்கு எட்டு ஃபிரேம், நொடிக்கு இரண்டு சுற்று, ஆக நொடிக்கு 16 ஃபிரேம். இந்தத் தாளம் பிசகக் கூடாது. ஒளிப்பதிவாளர்கள் பலர் ஏதாவது ஒரு மெட்டை வாய்க்குள் முணுமுணுத்தபடிதான் சுற்றினார்கள். சண்டைக் காட்சியில் எதிரே நடப்பதைப் பார்த்துத் தானும் பதறிக் கையை வேகமாக ஓட்டிவிட்டால், திரையில் சண்டை மெதுவாகிவிடும். நடிகர் ஓடும்போது கேமராவைத் திருப்ப வேண்டுமென்றால் முக்காலியில் இன்னொரு கைப்பிடி. வலது கை ஒரு தாளத்தில், இடது கை வேறொரு வேகத்தில். சொல்லும்போது எளிதாக இருக்கிறது. இரண்டு கையையும் இரண்டு கணக்கில் ஓட்டிக்கொண்டே நடிகரின் முகத்தையும் கவனிக்க வேண்டும் என்றால் எத்தனை வருடப் பழக்கம் வேண்டியிருக்கும்!

ஒரு காட்சி கரைந்து அடுத்த காட்சி மேலெழுவதை, சினிமாக்காரர்கள் டிசால்வ் என்று சொல்வதை, எடுத்துக்கொள்ளுங்கள். இன்று கணினியில் இரண்டு துண்டை ஒன்றன்மேல் ஒன்று இழுத்து வைத்தால் முடிந்தது. அன்று அது கேமராவுக்குள்ளேயே நடந்தாக வேண்டும். காட்சி முடியும் தறுவாயில் கைப்பிடியை நான்கு சுற்று சுற்றுவதற்குள் ஒளித்துளையைக் கொஞ்சம் கொஞ்சமாக மூடிக்கொண்டே வர வேண்டும். முழுதாக மூடியதும் லென்ஸுக்கு மூடி போட்டுவிட்டு, அதே நான்கு சுற்றைப் பின்னோக்கிச் சுற்றி ஃபிலிமைப் பழைய இடத்துக்குக் கொண்டுவர வேண்டும். அடுத்த காட்சி தொடங்கும்போது அதே நான்கு சுற்றில் ஒளித்துளையைத் திறக்க வேண்டும். எண்ணிக்கையில் ஒரு சுற்று தப்பினாலும் இரண்டு காட்சியும் பாழ். அடுத்த காட்சி நான்கு நாள் கழித்து வேறோர் ஊரில் என்றால், அந்த ஃபிலிம் இருக்கும் மேகசினை வெளிச்சம் படாமல் குறிப்பெழுதி ஒட்டி, கூடவே சுமந்துகொண்டு போக வேண்டும்.

சரியாக வந்ததா என்று யாரைக் கேட்பது? இயக்குநருக்கும் தெரியாது, நடிகருக்கும் தெரியாது. ஒளிப்பதிவாளரே இருட்டறையில் ஃபிலிமின் கடைசி முழத்தைக் கத்தரித்துக் கழுவிப் பார்ப்பார். அங்கே சிவப்பு விளக்கு எரியும். அன்றைய ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது என்பதால் அந்த விளக்கால் கெடுதல் இல்லை. அதே குணம் படப்பிடிப்பில் வேறு வகையில் உயிரை எடுத்தது. நடிகையின் சிவந்த உதடு கறுப்பாக விழும். நீலக் கண் வெளுத்துக் குருட்டுக் கண்போலத் தெரியும். நீல வானம் வெள்ளைத் தாளாகிவிடும், மேகம் என்று ஒன்று இருந்ததற்கே அடையாளம் இருக்காது. ஆகவே முகப்பூச்சு, புடவைக்கடைத் துணி பார்ப்பதுபோல் உடையின் நிறம், செட்டுச் சுவரின் வண்ணம் என்று எல்லாவற்றிலும் அவருடைய சொல் எடுபட்டது. நெகடிவைக் கழுவுவது, பிரிண்ட் போடுவது, இரவுக் காட்சிக்கு நீலச் சாயமும் தீப்பிடிக்கும் காட்சிக்குச் சிவப்புச் சாயமும் தோய்ப்பது ஆகியவையும் பல நிறுவனங்களில் அவர் மேற்பார்வையில்தான் நடந்தன. நைட்ரேட் ஃபிலிம் தீப்பற்றினால் தண்ணீருக்கும் அணையாது. அந்த அபாயத்தோடு ஒரே அறையில் இருந்து செய்த வேலை இது.

முதல் உலகப் போர்தான் இந்தத் தொழிலை ஹங்கேரியில் வளர்த்தது. எதிரி நாடுகளான பிரான்சிலிருந்தும் மற்ற இடங்களிலிருந்தும் படங்கள் வருவது நின்றது. திரையரங்குகளுக்கோ வாரந்தோறும் புதுப்படம் வேண்டும். கொலோஷ்வாரில் நாடக அரங்கு நடத்திய யெனோ யனோவிச், போருக்குச் சற்று முன்பே பாத்தே நிறுவனத்தின் துணையோடு படமெடுக்கத் தொடங்கியிருந்தார். அவரிடம் தேர்ந்த நடிகர் குழு தயாராக இருந்தது; ஊரைச் சுற்றி மலையும் ஆறும் இருந்தன. பின்னாளில் ஹாலிவுட்டில் ‘காசாபிளாங்கா’ எடுத்த மைக்கேல் கர்டிஸ், மிஹாய் கெர்டேஸாக அங்கே இயக்கியிருக்கிறார். யனோவிச்சின் கோர்வின் நிறுவனத்தை 1917-ல் வாங்கிய ஷாண்டர் கோர்டா அதைப் புடாபெஸ்டின் சுக்லோ பகுதிக்குக் கொண்டுபோனார். அங்கே எழுந்த ஸ்டூடியோவுக்குச் சுவரும் கூரையும் கண்ணாடி. பகல் வெளிச்சத்தை வெள்ளைத் துணியால் வடிகட்டிப் பயன்படுத்தினார்கள், போதாததற்கு ஆர்க் விளக்கு. 1918-ல் மட்டும் சுமார் நூறு படங்கள் எடுக்கப்பட்டன. அவ்வளவு சிறிய நாட்டுக்கு அது பெரிய எண்ணிக்கை.

அந்த 1918-ல் வந்த ‘தங்க மனிதன்’ படத்தை, மோர் யோகாயின் புகழ்பெற்ற நாவலிலிருந்து கோர்டா எடுத்தார். ஒளிப்பதிவு குஸ்தாவ் கோவாச். கோர்டாவுக்கு அப்போது இருபத்தைந்து வயதுதான். அவர் ஹங்கேரியில் இயக்கிய இருபதுக்கும் மேற்பட்ட படங்களில் நாம் இன்று உட்கார்ந்து பார்க்க முடிவது ஏறக்குறைய இந்த ஒன்றைத்தான். ஆக, கோவாச் ஒளிப்பதிவில் எப்படிப்பட்டவர் என்பதற்கு நமக்குக் கிடைத்துள்ள பெரிய சாட்சியும் இதுதான். ஓர் ஓவியரின் ஒற்றைச் சித்திரத்தை வைத்து அவர் கையை மதிப்பிடுவது எவ்வளவு அநியாயம் என்பதை நினைக்கும்போது மனம் வலிக்கிறது.

அடுத்த ஆண்டு எல்லாம் சிதறியது. 1919 மார்ச்சில் அமைந்த கம்யூனிஸ்ட் ஆட்சி ஏப்ரலில் திரைத்துறையைத் தேசியமயமாக்கியது. ரஷ்யாவில் லெனின் அதைச் செய்வதற்குச் சில மாதங்களுக்கு முன்பே இங்கே நடந்துவிட்டது. ஒளிப்பதிவாளர்களைத் தெருவுக்கு அனுப்பி ‘சிவப்புச் செய்திப்படங்கள்’ எடுக்க வைத்தார்கள். ஊர்வலங்களும் கூட்டங்களும் பதிவான அந்தச் செய்திப்படங்களில் பல இன்றும் பாக்கி இருக்கின்றன. 133 நாளில் ஆட்சி கவிழ்ந்ததும் பழிவாங்கல் தொடங்கியது. கோர்டா கைதாகி, விடுதலையாகி, நாட்டை விட்டே போனார். கெர்டேஸ் அதற்கு முன்பே வியன்னா போய்விட்டார். 1920-ல் டிரையனான் உடன்படிக்கையோடு கொலோஷ்வார் ருமேனியாவுக்குப் போயிற்று. இன்று அதன் பெயர் க்ளூஜ். நூறு படம் எடுத்த தொழில், 1920-களின் நடுவில் ஆண்டுக்கு ஒரு கைவிரலில் எண்ணும் நிலைக்கு வந்தது. இடையில் அத்திபூத்தாற்போல் சில முயற்சிகள். 1921-ல் வந்த ‘டிராகுலாவின் மரணம்’ அதில் ஒன்று. முர்னோவின் ‘நோஸ்ஃபெராட்டு’வுக்கு ஓராண்டு மூத்தது, எடுவார்ட் ஹோஷ் ஒளிப்பதிவு. டிராகுலா பெயர் தாங்கிய முதல் படமான அதுவும் கிடைக்கவில்லை.

இங்கே ஒளிப்பதிவாளர்களின் பாதை இரண்டாகப் பிரிகிறது: போனவர்கள், இருந்தவர்கள்.

போனவர்களில் ருடால்ஃப் மாட்டேயைத்தான் முதலில் சொல்ல வேண்டும். கிராகோவில் பிறந்து புடாபெஸ்டில் படித்து, கோர்டாவிடம் உதவியாளராகத் தொழிலுக்குள் நுழைந்தவர். வியன்னா, பெர்லின் வழியாகப் பாரிஸ் சேர்ந்து 1928-ல் கார்ல் டிரையரின் ‘ஜோன் ஆஃப் ஆர்க்கின் பாடுகள்’ படத்துக்குக் கேமரா பிடித்தார். அதற்குள் எல்லா நிறத்தையும் உணரும் பான்குரோமாட்டிக் ஃபிலிம் வந்துவிட்டது. உதடு கறுக்கும், கண் வெளுக்கும் என்ற பயம் போயிற்று. முகப்பூச்சே இல்லாமல் நடிகர்களை நிறுத்த டிரையரால் முடிந்தது. ஜோனாக நடித்த ஃபால்கோனெட்டியின் முகத்தில் ஒவ்வொரு கண்ணீர்த் தடமும், நீதிபதிகளின் முகத்தில் ஒவ்வொரு மருவும் சுருக்கமும் தெரிகிறது. ஒரு முகத்தை இவ்வளவு அருகில் இவ்வளவு நேரம் பார்க்கத் திரைக்கு அதுவரை துணிவு வரவில்லை என்றே நினைக்கிறேன். பின்பு ஹாலிவுட்டில் 1940 முதல் 1944 வரை வந்த படங்களுக்காக மாட்டேயின் பெயர் ஆண்டு தவறாமல் ஐந்து முறை ஆஸ்கர் பரிந்துரையில் இருந்தது. அதில் ஒரு படம் அலெக்ஸாண்டர் என்று பெயர் மாற்றிக்கொண்ட அதே ஷாண்டர் கோர்டா இயக்கியது, இன்னொன்று அவர் தம்பி ஸோல்டான் இயக்கியது. புடாபெஸ்டில் தொடங்கிய உறவு கடல் தாண்டியும் அறுபடவில்லை. விருது மட்டும் ஒருமுறைகூட வரவில்லை.

இருந்தவர்களில் இஷ்ட்வான் ஐபன். 1902-ல் பிறந்தவர், மௌனப்பட நாளிலேயே தொழிலுக்கு வந்தவர். கோர்வின் ஸ்டூடியோவை 1928-ல் ஹுன்னியா என்ற நிறுவனம் எடுத்துக்கொண்டது. ஒலி வந்ததும் அங்கே ஒலிப்பதிவுக் கூடம் கட்டினார்கள். 1931-ல் அங்கே எடுத்த ‘ஹிப்போலிட்’ நகைச்சுவைப் படம் ஹங்கேரியப் பேசும்படத்தின் முதல் பெருவெற்றி. இன்றும் அங்கே குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கிறார்கள். ஒளிப்பதிவு ஐபன். அதே செட்டில் ஹங்கேரிய மொழிக்கு ஒரு நடிகர் கூட்டம், ஜெர்மன் மொழிக்கு வேறொரு நடிகர் கூட்டம் என்று இரண்டு முறை எடுத்தார்கள். கைப்பிடி போய் நொடிக்கு 24 ஃபிரேம் ஓட்டும் மோட்டார் வந்தது. மோட்டார் சத்தம் மைக்கில் விழாமலிருக்கக் கேமராவைப் பொதிந்து மூடினார்கள். மலைச்சரிவிலும் ஆற்றங்கரையிலும் முக்காலியைத் தோளில் போட்டு அலைந்தவர்களுக்கு அந்தக் கட்டிப்போட்ட நிலை எவ்வளவு மூச்சு முட்டியிருக்கும்! ஐபன் அதையும் பழகிக்கொண்டார். 1950-கள் வரை நூற்றுக்கு மேற்பட்ட படங்கள், அரசுகள் மாறி மாறி வந்தபோதும்.

1930-களில் அதே ஹுன்னியாவில் சாதாரண வேலையாளாகச் சேர்ந்தவர் ஜியோர்ஜி இல்லேஷ். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவுப் பயிற்சியைக் கட்டி எழுப்பி, பல தலைமுறைகளுக்கு ஆசானாக இருந்தார். அவர் மாணவர்கள்தான் லாஸ்லோ கோவாச்சும் வில்மோஷ் ஷிக்மண்டும். சோவியத் ஆதிக்கத்துக்கு எதிரான 1956 எழுச்சியில் கல்லூரிக் கேமராவை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கி, ஒன்பதாயிரம் மீட்டர் அளவுக்குப் பதிவு செய்து, ஃபிலிமோடு எல்லை தாண்டி ஆஸ்திரியாவுக்குப் போனவர்கள். பிறகு ‘ஈஸி ரைடர்’ கோவாச்சின் கையில் வந்தது. ஸ்பீல்பெர்க்கின் ‘குளோஸ் என்கவுன்டர்ஸ்’ படத்துக்காக 1978-ல் ஷிக்மண்ட் ஆஸ்கர் வாங்கினார்.

இனி இன்றைக்கு வருவோம். ஓரிகோ, ஏட்யெக்கில் கோர்டா பெயராலேயே அமைந்த ஸ்டூடியோ, ஃபோட் என்று புடாபெஸ்டைச் சுற்றிப் பெரிய படப்பிடிப்புத் தளங்கள் நிற்கின்றன. நாட்டுக்குள் செலவழிக்கும் தொகையில் 30 சதவீதத்தை அரசு திருப்பித் தருகிறது. போனவர்களின் காலம் திரும்பி, உலகம் இங்கே வருகிறது. ‘பிளேட் ரன்னர் 2049’, ‘டியூன்’, ‘தி புரூட்டலிஸ்ட்’ மூன்றும் இங்கே படமானவை; மூன்றுமே ஒளிப்பதிவுக்கு ஆஸ்கர் பெற்றவை. வாங்கியவர்கள் ரோஜர் டீக்கின்ஸ், கிரேக் ஃப்ரேசர், லால் கிராலி. ஷிக்மண்ட் காலத்தில் ஹங்கேரியர் வெளிநாட்டில் வேலை செய்து ஆஸ்கர் வாங்கினார். இப்போது ஹங்கேரியில் வேலை நடக்கிறது, ஆஸ்கர் வெளியூர்க்காரருக்குப் போகிறது. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. மூவரும் அதற்குத் தகுதியானவர்கள். ஆனால் அந்தப் படங்களில் ஃபோகஸ் பிடித்தவர்கள், விளக்குக் கட்டியவர்கள், கிரேன் தள்ளியவர்கள் என்று நூற்றுக்கணக்கான உள்ளூர்க் கைகள் இருக்கின்றன. படம் முடிந்து ஓடும் பெயர்ப்பட்டியலில் உச்சரிக்கக் கடினமான அந்தப் பெயர்களை அரங்கில் யாரும் உட்கார்ந்து படிப்பதில்லை.

வேலையின் உருவமே மாறிவிட்டது. ஷிட்கோவ்ஸ்கி தனியாக நின்ற இடத்தில் இன்று ஒளிப்பதிவு இயக்குநர், கேமரா ஆபரேட்டர், ஃபோகஸ் புல்லர், மெமரி கார்டு கவனிப்பவர், லைட் குழுவின் தலைவர், கிரிப், பிறகு எங்கோ ஒரு இருட்டறையில் கலரிஸ்ட் என்று பெரிய பட்டாளம். ஷாட் ஓடும்போதே மானிட்டரில் எல்லோரும் பார்க்கிறார்கள். தயாரிப்பாளர், ஒப்பனைக்காரர், சில நேரம் வேறொரு கண்டத்தில் இருப்பவரும்கூட. கழுவும் வரைக்கும் படம் ஒளிப்பதிவாளர் ஒருவரின் மனதில் மட்டும் இருந்த காலம் போய்விட்டது. பாழான நெகடிவைப் பார்த்து விடிய விடியத் தூங்காமல் கிடக்கும் பயம் போனது பெரிய நிம்மதி. ஆனால் அந்தப் பயம் ஒளிப்பதிவாளருக்குக் கொடுத்திருந்த அதிகாரமும் சேர்ந்தே போனது. ‘வந்திருக்கிறது’ என்று அன்று அவர் சொன்னால் அதற்கு மேல் பேச்சில்லை. இன்று ஆளுக்கொரு கருத்து.

அதனால்தான் இன்றைய ஒளிப்பதிவாளர் மாட்யாஷ் எர்டேய் செய்வதை மிகவும் மதிக்கிறேன். லாஸ்லோ நெமெஷ் இயக்கி 2015-ல் வந்த ‘சவுலின் மகன்’ படத்தை அவர் 35 மில்லிமீட்டர் ஃபிலிமில், பெரும்பாலும் ஒரே 40 மில்லிமீட்டர் லென்ஸில் எடுத்தார். கேமரா நாஜி வதைமுகாமில் அடைபட்ட சவுலின் தோளுக்குப் பின்னாலேயே ஒட்டிக்கொண்டு போகிறது. சட்டகமோ பழைய படங்களைப்போலச் சதுரத்துக்கு அருகில். வதைமுகாமின் கொடூரம் எல்லாம் ஃபோகஸுக்கு வெளியே மங்கலாக நடக்கிறது. காதால் கேட்கிறோம், கண்ணால் முழுதாகப் பார்க்க விடமாட்டேன் என்கிறார். எதைக் காட்டுவது என்பதைப்போலவே எதைக் காட்டாமல் விடுவது என்பதையும் கேமரா இருக்கும் இடத்திலேயே தீர்மானித்துவிடுகிறார், பிறகு கணினியில் பார்த்துக்கொள்ளலாம் என்று விடுவதில்லை. அடுத்து இருவரும் எடுத்த ‘அந்திப்பொழுது’ 1913-ஆம் ஆண்டுப் புடாபெஸ்டில் நடக்கிறது, அதுவும் ஃபிலிமில். கண்ணாடிக்கூரை ஸ்டூடியோக்கள் பெருகப்போகும் அந்த நகரத்தின் தூசியும் மஞ்சள் வெயிலும் அதில் இருக்கின்றன. நகரில் ஃபிலிம் கழுவும் லேப் இன்னும் இயங்குவதால்தான் இதெல்லாம் முடிகிறது. உலகில் பல பெரிய நகரங்கள் தங்கள் லேபுகளை மூடிவிட்டன.

கடைசியாக, பழைய படங்களின் கதி. ஹங்கேரியில் எடுத்த மௌனப் படங்கள் சுமார் 600. இன்று இருப்பது பத்தில் ஒரு பங்கு அளவுக்குத்தான். ஓடி முடிந்த ஃபிலிமைச் செல்லுலாய்டுக்காகவும் வெள்ளிக்காகவும் உருக்கினார்கள். 1944-45 போர் முற்றுகையில் புடாபெஸ்ட் நகரமே எரிந்தது. பாதுகாக்கவென்று தேசியத் திரைக்காப்பகம் அமைந்தது 1957-ல்தான். கிடைத்தவை பலவும் அயல் மண்ணிலிருந்து கிடைத்தவை. கெர்டேஸ் கொலோஷ்வாரில் எடுத்த ‘நாடுகடத்தப்பட்டவள்’ நியூயார்க்கில் ஹங்கேரியர்களின் சங்கக் கட்டடம் ஒன்றின் நிலவறையில் கிடந்தது. பெரும் மேடை நடிகை மாரி யாசாயின் அசையும் உருவத்தை அந்தப் படத்தில்தான் பார்க்க முடிகிறது. கெர்டேஸின் ‘கடைசி விடியல்’ நெதர்லாந்துக் காப்பகத்திலிருந்து வந்தது. ஏற்றுமதிக்குப் போன பிரதிகள் திரும்பி வராததே நல்லதாயிற்று.

இவற்றை மீட்கும்போது எழும் முதல் கேள்வி, எந்த வேகத்தில் ஓட்டுவது என்பது. மௌனப் படம் என்றாலே மனிதர்கள் தடதடவென்று ஓடுவார்கள் என்ற எண்ணம் நம்மிடம் ஊறிப்போயிருக்கிறது. 16 ஃபிரேமில் கையால் எடுத்ததை 24 ஃபிரேம் மோட்டார் புரொஜெக்டரில் போட்டு ஓட்டியதால் வந்த வினை அது, ஒளிப்பதிவாளர்மேல் பிழையில்லை. ஆனால் அவர் எல்லாக் காட்சியையும் ஒரே 16-ல் எடுத்தார் என்றும் சொல்ல முடியாது. ஆகவே மீட்பவர்கள் ஸ்கேன் செய்த படத்தில் நடப்பவரின் கால், குதிரையின் ஓட்டம், குடத்திலிருந்து விழும் தண்ணீர் ஆகியவற்றைப் பார்த்துப் பார்த்து, இங்கே 16, இங்கே 18 என்று முடிவு செய்கிறார்கள். தவறான வேகம் வைத்தால் மாரி யாசாயின் அழுகை கேலிக்கூத்தாகிவிடும். சரியான வேகம் கிடைத்துவிட்டால், அந்த அம்மாள் மெல்ல நடந்து வந்து உட்காருகிறார். கேமராவுக்குப் பின்னால் அன்று ஒருவர் எவ்வளவு நிதானமாகக் கைப்பிடியைச் சுற்றியிருக்கிறார் என்பதும் கூடவே தெரிந்துவிடுகிறது.